வீட்டுக் கணினியில் விலையில்லாப் புதிர்கள்

தமிழ்நாட்டை விட்டு வேற்று மாநிலங்களில் குடியேறி வாழும் நம்மவர், ஊருக்குப் போய்த் திரும்பும்போது கொண்டுவரும் மூட்டைகளைப் பற்றி உங்களுக்கு நாம் எடுத்துச் சொல்ல வேண்டியதில்லை. புளியும் வற்றலும் வடகமும் கருப்பட்டியும் அவற்றில் தவறாது இடம்பெறும். 2025ஆம் ஆண்டு தீபாவளி கழிந்த பின், எங்கள் தாயார் திருநெல்வேலிப் பக்கத்துச் சிற்றூர் ஒன்றிலிருந்து புறப்பட்டுச் சென்னைக்கு வந்து, அங்கிருந்து நவஜீவன் எக்ஸ்பிரஸில் ஏறி, அகமதாபாத் நகருக்கு வந்து சேர்ந்தார். அவர் கொண்டுவந்த மூட்டையில் மேற்சொன்ன பண்டங்களோடு, பழந்துணியில் சுற்றிய பல்லாங்குழிப் பலகை ஒன்றும் இருந்தது. அதற்குரிய புளியங்கொட்டைகள் ஒரு சுருக்குப்பையில் தனியே இருந்தன. பேரனோடு அமர்ந்து ஆட வேண்டும் என்பது அவருடைய எண்ணம்.

பேரனுக்கு வயது ஒன்பது. அவன் பிறந்து வளர்ந்தது மணிநகரில். பள்ளியில் அவன் பயில்வன குஜராத்தியும் இந்தியும் ஆங்கிலமும். வீட்டில் அவன் பேசும் தமிழோ, கேட்ட வினாவுக்கு ஓரிரு சொற்களில் விடையிறுக்கும் அளவினதே. ஆச்சி பலகையை விரித்துக் குழிகளில் கொட்டைகளை இட்டு அவனை அழைத்தார். இரண்டு ஆட்டம் ஆடினான். பிறகு கைப்பேசியை எடுத்துக்கொண்டு மூலையில் போய் அமர்ந்துவிட்டான். ஆச்சி ஒன்றும் சொல்லவில்லை. கொட்டைகளைத் திரும்பப் பையிலிட்டு முடிந்து, பலகையையும் பரணில் ஏற்றச் சொல்லிவிட்டார்.

கைப்பேசியில் அவன் ஆடியது, ஒரே நிறக் குமிழிகளைச் சேர்த்து உடைக்கும் எளிய ஆட்டம். அதனை விலையில்லாத ஆட்டம் என்றே நாங்கள் எண்ணியிருந்தோம். மாத இறுதியில் வங்கிக் கணக்கைப் பார்த்தபோது, சிறு சிறு தொகைகளாக எண்ணூறு ரூபாய்க்கு மேல் அதற்காகப் போயிருந்தது தெரிந்தது. தோற்ற கட்டத்தை மீண்டும் ஆடுவதற்கு ஒரு கட்டணம். அடுத்த கட்டத்தைத் திறப்பதற்கு மற்றொரு கட்டணம். சிறுவன் எங்களை ஏமாற்றினான் இல்லை. திரையில் தோன்றிய பொத்தானை அழுத்தினான், அவ்வளவே. விலையில்லை என்ற சொல்லை நம்பி, உள்ளே இருப்பது இன்னதென்று பாராதிருந்த பிழை எங்களுடையது.

விலையில்லை என்று சொல்லி விலை பெறும் விளையாட்டுகள் ஒருபுறம் இருக்க, உண்மையிலேயே விலையின்றியும், விளம்பரம் இன்றியும், வேறெந்தத் தூண்டிலும் இன்றியும் கிடைக்கும் விளையாட்டுகள் உள்ளனவா? உள்ளன. அவற்றை வீட்டிலுள்ள பழைய கணினியில் அமைத்துக்கொள்ளும் முறையினையே இன்று உங்களோடு பகிர்ந்துகொள்ள விழைகின்றோம்.

எங்கள் இல்லத்தில் பழைய மடிக்கணினி ஒன்று கட்டிலின் அடியில் கிடந்தது. விண்டோஸ் 10 என்னும் இயக்கமுறைமைக்கு அளித்துவந்த பொதுவான ஆதரவை மைக்ரோசாப்ட் நிறுவனம் 2025 அக்டோபர் 14ஆம் நாளோடு முடித்துக்கொண்டது. அடுத்து வந்த விண்டோஸ் 11 கேட்கும் தகுதிகள் எங்கள் கணினிக்கு இல்லை. கபாடிக்காரரிடம் போட்டுவிடலாம் என்று பேசிக்கொண்டிருந்த வேளையில், அடுத்த வீட்டில் குடியிருக்கும் பொறியியற் கல்லூரி மாணவர் ஒருவர், ‘லினக்ஸ் போட்டுப் பாருங்கள், இன்னும் சில ஆண்டுகள் ஓடும்’ என்றார்.

லினக்ஸ் என்பது யாது? கணினியின் உறுப்புகளை இயக்கி, நாம் இடும் பணிகளை அவற்றுக்கு எடுத்துச் செல்லும் அடிப்படை மென்பொருளையே இயக்கமுறைமை என்கிறோம். 1983ஆம் ஆண்டு அமெரிக்க நாட்டு அறிஞர் ரிச்சர்டு ஸ்டால்மன், எவரும் தடையின்றிப் பயன்படுத்தத்தக்க இயக்கமுறைமை ஒன்றை உருவாக்கப் போவதாக அறிவித்து, அதற்குக் குனூ என்று பெயரிட்டார். 1991இல் பின்லாந்து நாட்டு ஹெல்சிங்கிப் பல்கலைக்கழக மாணவராயிருந்த லினஸ் டோர்வால்ட்ஸ், லினக்ஸ் என்னும் கருவினை எழுதி வெளியிட்டார். இவ்விரண்டும் இணைந்தே இன்று நாம் காணும் இயக்கமுறைமை ஆயிற்று. நமக்குச் சுவை தரும் செய்தி ஒன்றும் உண்டு. பின்லாந்தில் பெரும்பான்மையோர் பேசுவது பின்னிய மொழி. டோர்வால்ட்ஸோ அங்குச் சிறுபான்மையோரான சுவீடிய மொழியினர். வெளியில் ஒரு மொழியும் வீட்டில் ஒரு மொழியும் வழங்கும் வாழ்வை அவரும் அறிவார்.

இவ்வகை மென்பொருளைக் ‘கட்டற்ற மென்பொருள்’ என்று தமிழில் வழங்குகிறோம். கட்டற்றது என்னும் சொல் விலையின்மையை மட்டும் குறிப்பதன்று. எந்த நோக்கத்திற்கும் அதனை இயக்கலாம், அதன் உட்கட்டமைப்பைப் படித்தறியலாம், படியெடுத்துப் பிறருக்குக் கொடுக்கலாம், திருத்தியமைத்து வெளியிடலாம். இந்நான்கு உரிமைகளும் உரிமத்திலேயே எழுதித் தரப்பட்டுள்ளன. ஆகவே, நாம் பெற்ற விளையாட்டினைப் பென்டிரைவில் இட்டு அடுத்த வீட்டுக்கு அளிப்பது குற்றமன்று. அது எதிர்பார்க்கப்படுகின்ற செயலே.

லினக்ஸைப் பல குழுவினர் தத்தம் போக்கில் தொகுத்து வெளியிடுகின்றனர். அத்தொகுப்புகளை ‘வழங்கல்கள்’ என்பர். 1993இல் தொடங்கிய டெபியன் அவற்றுள் மூத்தவற்றுள் ஒன்று. அதனை அடியொற்றி 2004இல் உபுண்டுவும், உபுண்டுவை அடியொற்றி 2006இல் லினக்ஸ் மின்ட்டும் தோன்றின. நம் நாட்டு அரசின் சீடாக் நிறுவனம் சென்னையில் உருவாக்கி 2007இல் வெளியிட்ட பாஸ் என்னும் வழங்கலும் டெபியன் வழி வந்ததே. கேரள மாநிலத்து அரசுப் பள்ளிகளில் இத்தகைய கட்டற்ற மென்பொருள்களைக் கொண்டே பிள்ளைகள் கணினி பயில்கின்றனர். கேரளத்தில் வாழும் நேயர்கள் இதனைத் தம் இல்லத்துப் பிள்ளைகளிடமிருந்தே அறிந்திருக்கக்கூடும்.

நாங்கள் தேர்ந்தது லினக்ஸ் மின்ட்டின் எக்ஸ்எஃப்சிஇ என்னும் வடிவம். இரண்டு ஜிகாபைட் நினைவகம் இருந்தாலும் இயங்கும். நான்கு இருப்பின் இடரின்றி இயங்கும் என்பது அதனை வெளியிடுவோர் கூறும் அளவு. அதன் கோப்பினை மாணவர் தம் கணினியில் இறக்கி, ரூஃபஸ் என்னும் சிறு கருவியால் பென்டிரைவில் பதிந்து கொடுத்தார். அந்தப் பென்டிரைவைச் செருகிக் கணினியைத் தொடங்கினால், வன்தட்டில் எதனையும் மாற்றாமலேயே லினக்ஸைத் திறந்து பார்க்கலாம். திரை சரியாகத் தெரிகிறதா, ஒலி கேட்கிறதா, கம்பியில்லா இணைப்புக் கிடைக்கிறதா என்பனவற்றை இந்நிலையிலேயே சோதித்துவிட வேண்டும். ஒத்துவரவில்லையாயின், பென்டிரைவை எடுத்துவிட்டால் கணினி பழைய நிலைக்கே திரும்பும்.

ஒத்துவந்தால் நிறுவலாம். ஆயின் அதற்கு முன் ஓர் எச்சரிக்கை. வன்தட்டு முழுவதையும் லினக்ஸுக்கு ஒதுக்கினால், அதிலிருந்த படங்களும் கடிதங்களும் அழிந்துபோம். திருமணப் படங்களும், மறைந்த பெரியோரின் படங்களும் பல வீடுகளில் அத்தகைய பழைய கணினியில் மட்டுமே உள்ளன. அவற்றை வேறொரு தட்டில் படியெடுத்து, எடுத்த படி திறக்கிறதா என்று பார்த்த பின்னரே மேலே செல்லுதல் வேண்டும். எங்கள் ஊர் வீட்டின் படம் ஒன்று அவ்வாறு காத்துவைத்தவற்றுள் இருந்தது. அதன் கதையைப் பின்னர்ச் சொல்வோம்.

இனி விளையாட்டுகளுக்கு வருவோம். விண்டோஸில் பழகியவர்கள், ஒரு விளையாட்டு வேண்டுமாயின் வலையில் தேடி, ஏதோ ஓரிடத்தில் அகப்பட்டதை இறக்கி நிறுவுவர். அவ்வாறு வந்தவற்றோடு வேண்டாத விருந்தினர் சிலரும் உடன் வருதல் உண்டு. லினக்ஸில் வழக்கம் வேறு. ஒவ்வொரு வழங்கலும் தனக்கென்று ஒரு களஞ்சியம் வைத்திருக்கிறது. பல்லாயிரம் மென்பொருள்கள் அங்கே பொதிகளாகக் கட்டி அடுக்கப்பட்டுள்ளன. டெபியனின் களஞ்சியத்தில் மட்டும் 60,000க்கு மேற்பட்ட பொதிகள் உண்டு. களஞ்சியத்தின் பட்டியலுக்கு மின்முத்திரை இடப்பட்டிருக்கும். பொதி வந்து சேர்ந்ததும் நம் கணினி, அது பட்டியலில் கண்டபடி உள்ளதா என்று சரிபார்த்த பின்னரே அதனைப் பிரிக்கும். ஆகவே முதல் விதி இது: களஞ்சியத்தில் கிடைப்பதை வெளியில் தேடாதீர்கள்.

களஞ்சியத்திலிருந்து பொதியைப் பெற இரு வழிகள் உள. முதலாவது, கடைவீதி போன்ற வழி. மின்ட்டில் அதற்குச் சாப்ட்வேர் மேனேஜர் என்று பெயர். பிற வழங்கல்களில் வேறு பெயர்களில் இருக்கும். அதனைத் திறந்தால் விளையாட்டுகளுக்கெனத் தனிப் பிரிவு தோன்றும். ஒன்றின் மேல் அழுத்தினால் அதன் படமும் விளக்கமும் காணலாம். நிறுவுக என்னும் பொத்தானை அழுத்திக் கடவுச்சொல்லைக் கொடுத்தால் வேலை முடிந்தது. சில விளையாட்டுகள் அங்கே இரு வடிவில் இருக்கும். களஞ்சியப் பொதி ஒன்று. பிளாட்பேக் என்பது மற்றொன்று. பிளாட்பேக் தனக்கு வேண்டிய துணைப் பொருள்களையும் உடன் கொண்டுவருவதால் பெரும்பாலும் அதிக இடம் பிடிக்கும். பழைய கணினிக்குக் களஞ்சியப் பொதியே ஏற்றது.

இரண்டாவது, கட்டளை வழி. முனையம் என்னும் கருஞ்சாளரத்தைத் திறந்து, ஆங்கில எழுத்துகளில் கட்டளையைத் தட்டுதல் வேண்டும். இதனைக் கண்டு அஞ்ச வேண்டியதில்லை; அஞ்சலகத்தில் படிவம் நிரப்புவதைக் காட்டிலும் எளிது. முதற்சொல் ‘சூடோ’: எஸ், யூ, டி, ஓ. மேலாளர் உரிமையோடு செய்க என்பது அதன் பொருள். இரண்டாவது சொல் ‘ஆப்ட்’: ஏ, பி, டி. களஞ்சியத்தோடு பேசும் கருவியின் பெயர் அது. மூன்றாவது சொல் செய்ய வேண்டிய செயல். ‘அப்டேட்’ என்றால் களஞ்சியத்தின் பட்டியலைப் புதுப்பித்தல். ‘இன்ஸ்டால்’ என்றால் நிறுவுதல். ‘ரிமூவ்’ என்றால் நீக்குதல். முதலில் பட்டியலைப் புதுப்பித்துவிட்டு, பின்னர் நிறுவும் கட்டளையை இட்டு, அதன் இறுதியில் பொதியின் பெயரைச் சேர்க்க வேண்டும். எல்லாம் சிற்றெழுத்துகளில் அமைதல் வேண்டும். சொல்லுக்குச் சொல் ஓர் இடைவெளி விடுதல் வேண்டும்.

இங்கே புதியோர் திகைக்கும் இடங்கள் மூன்று. கடவுச்சொல்லைத் தட்டும்போது பல கணினிகளில் திரையில் ஒன்றுமே தோன்றாது. விசைப்பலகை பழுதுபட்டதென்று எண்ணாமல் முழுவதும் தட்டி நுழைவு விசையை அழுத்துக. அடுத்து, பொதியைக் காணவில்லை என்ற செய்தி வரக்கூடும். பெயரில் எழுத்துப் பிழை நேர்ந்திருக்கும். அன்றேல் பட்டியலைப் புதுப்பிக்க மறந்திருப்போம். மூன்றாவதாக, வேறொரு நிரல் களஞ்சியத்தைப் பூட்டி வைத்துள்ளது என்ற செய்தி. கணினி தானே தன்னைப் புதுப்பித்துக்கொண்டிருக்கும் வேளையில் இது தோன்றும். சில நிமிடம் பொறுத்து மறுபடி முயன்றால் போதும்.

ஒரு சிறு விளையாட்டைக் கேட்டால், பத்துப் பன்னிரண்டு பொதிகள் சேர்ந்து வரப் போவதாகக் கணினி அறிவிக்கும். இதனைக் கண்டும் மருள வேண்டா. மென்பொருள் எழுதுவோர் ஒவ்வொருவரும் படம் வரைவதற்கும் ஒலி எழுப்புவதற்கும் வேண்டியவற்றைப் புதிதாக எழுதுவதில்லை. பொதுவான துணைநூலகங்களைப் பயன்படுத்திக்கொள்வர். அவற்றையும் சேர்த்தே களஞ்சியம் அனுப்புகிறது. எத்தனை மெகாபைட் இறங்கும், வட்டில் எவ்வளவு இடம் பிடிக்கும் என்பதை முன்கூட்டியே சொல்லி, நம் இசைவைப் பெற்ற பின்னரே அது தொடங்கும்.

எவ்விளையாட்டுகளை நிறுவலாம்? நாங்கள் ஆடிப் பார்த்தவற்றைச் சொல்கிறோம்.

தனியே அமர்ந்து சீட்டாட விரும்புவோர்க்கு அய்ஸ்லெரியட் உண்டு. எண்பதுக்கு மேற்பட்ட ஒற்றையாள் சீட்டாட்டங்கள் அதில் அடங்கியுள்ளன. கேபேஷன்ஸ் என்னும் மற்றொன்று, விழுந்த சீட்டுகளைக் கொண்டு இனி வெல்ல இயலுமா என்பதையும் கணித்துச் சொல்லும். இது சிறிய உதவியன்று. விண்டோஸில் முன்னர் வந்த ஃபிரீசெல் ஆட்டத்தில் எண்ணிட்டு வைத்த 32,000 பகிர்வுகளுள் 11,982ஆம் எண்ணுடைய ஒன்று மட்டுமே தீர்க்க முடியாதது. அதனை அறியாமல் எத்தனை பேர் அந்த ஒன்றில் தலையை உடைத்துக்கொண்டார்களோ!

மூளைக்கு வேலை தரும் புதிர்களை விரும்புவோர்க்குச் சைமன் டாதம் என்னும் ஆங்கில நாட்டு நிரலர் எழுதிய புதிர்த் தொகுப்பினை முதலிற் பரிந்துரைப்போம். எஸ்ஜிடி பஸில்ஸ் என்பது டெபியன் வழி வந்த வழங்கல்களில் அதன் பொதிப் பெயர். ஏறத்தாழ நாற்பது புதிர்வகைகள் அதில் உள்ளன. எல்லாம் மிகச் சிறியன. மிகப் பழைய கணினியிலும் விரைந்து ஓடும். கணினியே புதிதாகப் புதிரை உண்டாக்குவதால் ஆடி முடிந்ததென்பதே இல்லை. அதிலுள்ள கண்ணிவெடி ஆட்டத்தில் ஒரு நேர்மை உண்டு. பிற வடிவங்களில் சில இடங்களில் ஊகித்தே காலை வைக்க வேண்டிவரும். இவர் அமைத்ததிலோ, ஊகமின்றி எண்ணிப் பார்த்தே முடிக்கத்தக்க கட்டங்கள் மட்டுமே தரப்படுகின்றன. சிந்தித்தவன் தோற்கக் கூடாது என்பது அதன் ஏற்பாடு.

சிறு பிள்ளைகளுக்கு ஜிகாம்பிரி என்னும் தொகுப்பு உண்டு. ‘எனக்குப் புரிந்துவிட்டது’ எனப் பொருள்படும் பிரெஞ்சுத் தொடரின் ஒலியைத் தழுவி அமைந்த பெயர் அது. 2000ஆம் ஆண்டு பிரான்சில் தொடங்கப்பட்டது. எண், எழுத்து, வரிசை, நினைவாற்றல் எனப் பல பயிற்சிகள் விளையாட்டு உருவில் உள்ளன. படம் வரைய டக்ஸ் பெயின்ட் உண்டு. குமிழி உடைக்க விரும்பும் பிள்ளைக்கு ஃபுரோசன் பபிள் உண்டு. எங்கள் வங்கிக் கணக்கை இளைக்கச் செய்ததே, அதே வகை ஆட்டம்தான். இதில் தோற்றால் மறுபடி ஆடலாம். எவரும் கட்டணம் கேட்பதில்லை. நிறுவிய பின் இவற்றுள் எதற்கும் இணைய இணைப்பு வேண்டியதில்லை என்பதனை, இணைப்புக் கட்டணத்தை எண்ணி எண்ணிச் செலவிடும் குடும்பங்கள் கருத்தில் கொள்ளலாம்.

மேற்சொன்னவற்றை நிறுவி, கைப்பேசியைப் பெரியவர்களின் பொறுப்பில் வைத்துவிட்டு, கணினியைக் கூடத்தில் எல்லோரும் காணுமாறு அமைத்தோம். சிறுவன் முதல் நாள் முகத்தைத் தூக்கிக்கொண்டான். இரண்டாம் நாள் குமிழி உடைத்தான். ஆச்சி தொலைவிலிருந்தே பார்த்துக்கொண்டிருந்தார். அகமதாபாதில் அவருக்குப் பேச்சுத் துணை இல்லை. கீழ்வீட்டு அம்மையார் அன்போடு குஜராத்தியில் பேசுவார். இவர் தலையை அசைத்துச் சிரிப்பார். அதற்கு மேல் வழியில்லை. உத்தராயணத் திருநாளன்று ஊர் முழுவதும் மொட்டைமாடியில் காற்றாடி விட்டுக்கொண்டிருந்தபோதும், படியேற முடியாத அவர் கீழே தனித்தே இருந்தார். ஊருக்கே அனுப்பிவிடுங்கள் என்று இருமுறை கேட்டுவிட்டார்.

அவரைக் கணினியின் முன் அமர்த்த எண்ணி, மாஜோங் என்னும் ஆட்டத்தைத் திறந்து கொடுத்தோம். அடுக்கி வைத்த வில்லைகளில் ஒத்த சித்திரமுடைய இரண்டிரண்டாக எடுத்தலே அதன் முறை. படிக்கத் தெரிய வேண்டியதில்லை. ‘எலி’யைப் பிடித்துப் பழகாத அவர் கை நடுங்கிற்று. பேரன் அருகில் வந்து, ‘நீ காட்டு ஆச்சி, நான் அமுக்குறேன்’ என்றான். அவன் தானாக அவரிடம் பேசிய முதல் நீண்ட வாக்கியம் அதுவே என்று எங்களுக்கு நினைவு.

அதன் பின்னரே பலபெலி என்னும் ஆட்டம் எங்கள் நினைவுக்கு வந்தது. பலபெலி என்பது பின்னிய மொழியில் படத்துண்டுப் புதிரைக் குறிக்கும் சொல். கேடிஇ குழுவினர் ஆக்கியது. பொதியின் பெயரை எழுத்தெழுத்தாகச் சொல்கிறோம், குறித்துக்கொள்ளுங்கள்: பி, ஏ, எல், ஏ, பி, ஈ, எல், ஐ. இதன் தனிச்சிறப்பு யாதெனில், நம்மிடம் உள்ள எந்தப் படத்தையும் புதிராக மாற்றிக்கொள்ளலாம். புதிய புதிர் உருவாக்கும் பொத்தானை அழுத்தி, படத்தைத் தேர்ந்து, பெயர் கொடுத்து, வெட்டும் முறையையும் துண்டுகளின் எண்ணிக்கையையும் குறித்தால், நொடிப்பொழுதில் படம் துண்டுகளாகச் சிதறித் திரையில் பரவிவிடும். ஒவ்வொன்றாக இழுத்து அருகில் வைத்தால், பொருந்தும் துண்டுகள் தாமே ஒட்டிக்கொள்ளும். பாதியில் நிறுத்திவிட்டு மறுநாள் தொடரலாம்.

காத்துவைத்த ஊர் வீட்டின் படத்தை அதில் இட்டு, அறுபது துண்டுகளாக்கினோம். சிறுவன் அந்த வீட்டை மூன்று வயதில் ஒருமுறை பார்த்ததோடு சரி. செம்மை நிறப் பட்டை ஒன்று உடைய துண்டை எடுத்து, கதவுக்கு அருகில் வைத்துப் பார்த்தான், ஒட்டவில்லை. ‘அது அங்க இல்ல ராசா, தார்சா ஓரத்துல காவி அடிச்ச இடம்’ என்றார் ஆச்சி. தார்சா என்றால் என்ன என்று கேட்டான். வாயிலுக்கும் உள்வீட்டுக்கும் இடைப்பட்ட அந்தக் கூடம். அவனுடைய தாத்தா மாலைதோறும் அமர்ந்து செய்தித்தாள் படித்த இடம். இவ்வாறே மச்சு வந்தது; அங்கணம் வந்தது; வேப்பமரம் வந்தது. அந்தச் சொற்களை எங்கள் வாயிலிருந்து அவன் கேட்டதே இல்லை. குடியிருப்பில் இரண்டு அறையும் ஒரு பால்கனியும் உடைய எங்களுக்கு அச்சொற்களைச் சொல்லும் தேவை நேர்ந்ததும் இல்லை. அறுபது துண்டுகளும் பொருந்த இரண்டு மாலைகள் ஆயின. மூன்றாம் மாலை, ‘வேறு படம் போடுங்கள்’ என்று அவனே கேட்டான். ஊரிலுள்ள உறவினர்க்குச் சொல்லி, குளக்கரை, தேர்முட்டி, பாட்டனார் நட்ட புளியமரம் எனப் படங்களை வரவழைத்துக்கொண்டிருக்கிறோம்.

இதனால் எல்லாம் சரியாகிவிட்டது என்று சொல்ல மாட்டோம். சிறுவனின் தமிழ் இன்னும் தடுமாறுகிறது. கைப்பேசியை அவன் மறந்துவிடவும் இல்லை. ஆச்சி ஊர் திரும்பும் எண்ணத்தையும் கைவிடவில்லை. ஆயினும் கோடை விடுமுறை வரை இருப்பதாகச் சொல்லியிருக்கிறார். விளையாட்டு எதுவாயினும் அளவு கடந்தால் தீங்கு என்பதால், நாளுக்கு ஒரு மணி நேரம் என்று வரையறுத்திருக்கிறோம். அவ்வரையறை ஆச்சிக்கும் உண்டு. மாஜோங் ஆட்டத்தில் அதனை மீறுபவர் அவரே!

தமிழ் நிலை பற்றியும் ஒரு சொல். மின்ட்டின் மொழி அமைப்பில் தமிழைத் தேர்ந்தால் பட்டியல்களிற் பலவும் தமிழில் தோன்றும். சில விளையாட்டுகளில் பாதி தமிழும் பாதி ஆங்கிலமுமாக இருக்கும். இவற்றை மொழிபெயர்ப்போர் ஊதியம் பெறாத தன்னார்வலர்கள். கைகள் குறைவாதலின் வேலை எஞ்சி நிற்கிறது. குறை கண்டு வருந்துவதோடு நில்லாமல், நம்மில் இருமொழி அறிந்தோர் அப்பணியில் சேரலாம். உரிமம் அதற்கு இடம் தருகிறது. லினக்ஸைத் தமிழிலேயே கற்க விரும்புவோர்க்கு 2012இல் தொடங்கிய கணியம் என்னும் மின்னிதழின் கட்டுரைகளும் நூல்களும் விலையின்றிக் கிடைக்கின்றன.

பழைய கணினி ஒன்று உங்கள் இல்லத்திலும் கட்டிலின் அடியில் இருக்கலாம். கபாடிக்காரர் வருமுன் ஒரு மாலைப் பொழுதை அதற்குக் கொடுத்துப் பாருங்கள். உங்கள் பகுதித் தமிழ்ச் சங்கத்தில் விவரமறிந்த இளைஞர் ஒருவர் இருப்பார். அவருக்கு ஒரு காப்பியும், உங்களுக்கு ஒரு பென்டிரைவும் இருந்தால் தொடங்கிவிடலாம்.

சென்ற கிழமை எங்கள் சிறுவன், ‘இந்தக் கம்ப்யூட்டர்ல பல்லாங்குழி இருக்கா?’ என்று கேட்டான். நாங்கள் விடை சொல்வதற்குள் ஆச்சி எழுந்து, பரணைக் காட்டி, ஏணியைக் கொண்டுவரச் சொன்னார்.